சிவப்புக் கோட்டுக்கு ஆள் கிடைக்காத ஊர்

ஆஷ்கில்,
1826 ஆகஸ்ட், கடைசி ஞாயிறு

பேரன் ரூஃபஸ் விப்பிளுக்கு, ஊரிலிருந்து உன் பாட்டி எழுதுவது.

வெளியே ‘திரு. டெல்மார், நாடகக் கம்பெனி, யூட்டிக்கா’ என்று போட்டிருக்கிறேன். அப்படிப் போட்டால்தான் உன் கைக்கு வருமாம். தபால் வாங்கும் கடைக்கார ப்ரோக்டர் சொன்னான். உள்ளே எழுதுவது என் இஷ்டம். விப்பிள் என்ற பெயர் நோட்டீஸில் எடுபடாது என்று உன் முதலாளி ஸ்டாக்டன் நினைக்கலாம். அந்தப் பெயரில்தான் உனக்கு ஞானஸ்நானம் நடந்தது. அன்று நீ போட்ட சத்தத்தில் போதகர் இரண்டு தடவை ஜெபத்தை நிறுத்தினார். தொண்டை உனக்கு அப்போதே பெரிசு.

நான் சுகம். கறுப்புப் பசு சுகம். உன் தாத்தா சுகமில்லை.

இந்த மாத நடுவில் கீழ்வயலில் புல் அறுத்துக்கொண்டிருந்தவர் அரிவாளைப் போட்டுவிட்டு அப்படியே உட்கார்ந்தார். வெயிலுக்கு உட்கார்ந்திருக்கிறார் என்று நினைத்து, மழை வருவதற்குள் முடியுங்கள் என்று மேட்டிலிருந்து கத்தினேன். அவர் எழுந்திருக்கவில்லை. இடது கையும் காலும் விழுந்துவிட்டன. வாயும் ஒரு பக்கம் இழுத்துக்கொண்டது. வைத்தியர் வந்து ரத்தம் இறக்கிப் பார்த்தார். இன்னொரு தடவை வந்தால் தாங்காது, பார்க்க வேண்டியவர்கள் குளிருக்கு முன்னால் வந்து பார்த்துக்கொள்ளட்டும் என்று சொல்லிவிட்டுக் குதிரை ஏறினார்.

அவர் பார்க்க வேண்டும் என்பது உன்னைத்தான். காலையில் சோளக்கஞ்சியை வாயில் வைக்கும்போதே ஆரம்பித்துவிடுகிறார். “ஹிட்டி, ரூஃபஸ் வந்துட்டானா?” பாதி எழுத்து வெளியே வருவதில்லை. எனக்குப் புரிகிறது. அதனால்தான் இந்தத் தாளை எடுத்தேன். வா. யூட்டிக்காவிலிருந்து கால்வாய்ப் படகு இருக்கிறது. இறங்கி நடக்க உனக்குக் காலும் இருக்கிறது.

வரச்சொல்வது அவர். நான் சொல்ல வேண்டியது வேறு. ஜூலை நாலாம் தேதி நடந்ததற்குப் பிறகு விடியும் முன்னே வண்டி கட்டிக்கொண்டு போய்விட்டாய். வீட்டு வாசலை மிதிக்கவில்லை. நான் அன்றைக்கு எங்கே உட்கார்ந்திருந்தேன் என்று உனக்குத் தெரியாமல் இருக்கலாம். மூன்றாவது பெஞ்சில், லாட்டிமர் மனைவியின் தொப்பிக்குப் பின்னால். அந்தத் தொப்பியில் இருந்த இறகுகளுக்கு நடுவில் சந்து இருந்தது. எல்லாம் பார்த்தேன்.

நான் மறக்கிறவள் இல்லை. உன் அப்பா ஒஹையோவில் நிலம் பார்க்கப் போகிறேன் என்று உன்னை என் இடுப்பில் விட்டுவிட்டுப் போன காலையில், அவன் பூட்சில் எந்தப் பக்கம் தையல் விட்டிருந்தது என்று இன்றைக்குக் கேட்டாலும் சொல்வேன். ஆகவே நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். பின்னால் நீ வேறு மாதிரி நினைவு வைத்துக்கொள்ளக் கூடாது.

நாடு விடுதலை என்று எழுதி அறிவித்து ஐம்பது வருஷம். ஊர் முழுக்கக் கொண்டாட்டம். கொண்டாட்டக் கமிட்டிக்குத் தலைவர் மேஜர் செத் லாட்டிமர். சண்டை நடந்தபோது அவன் பல் முளைக்காத பிள்ளை. ஊர்ப் படைக்கு வருஷத்துக்கு ஒரு தடவை அணிவகுப்பு காட்டி மேஜர் ஆனவன். நாடகம் பாவம் என்று இருபது வருஷமாகப் பிரசங்கம் செய்த போதகர்கூட, ‘நாட்டு நினைவுக் காட்சி’ என்று நோட்டீஸில் போட்டதும் முதல் பெஞ்சில் வந்து உட்கார்ந்தார். சரட்டோகா மேட்டில் ஆங்கிலேயரோடு நடந்த சண்டைதான் உங்கள் கம்பெனி போட்ட நாடகம். உன் தாத்தா பத்தொன்பது வயதில் நின்ற அதே மேடு. நீ கேப்டன். உயரம் இருக்கிறது, தொண்டை இருக்கிறது, சரி.

அந்தச் சண்டையில் நின்றவர்களில் நம் ஊரில் மிச்சம் உன் தாத்தாவும் படைக்குத் தம்பூர் முரசு அடித்த டூனிஸும்தான். கடைசிக் காட்சியில் திரை ஏறும்போது இரண்டு பேரும் மேடையில் பெஞ்சில் உட்கார்ந்திருக்க வேண்டும், பின்னால் ஜெனரலின் படம் விளக்கு வெளிச்சத்தில் தெரியும், ஜனம் எழுந்து நிற்கும் என்று ஏற்பாடு. இந்த ஏற்பாட்டுக்காக லாட்டிமர் நம் வீட்டுக்கு வந்து நான் சுட்ட ஆப்பிள் பையில் பாதியைத் தின்றுவிட்டுப் போனான்.

ஆறு சிவப்புக் கோட்டுதான் தகராறு ஆயிற்று. ஆங்கிலேயச் சிப்பாயாக வந்து துப்பாக்கி தூக்கி, சுட்டதும் விழ வேண்டும். அவ்வளவுதான் வேலை. மற்ற ஊரில் கால்வாய் வெட்டும் ஐரிஷ் ஆட்கள் வந்து மாட்டிக்கொள்வார்களாம். நம் பக்கம் வெட்டு முடிந்து அவர்கள் போய்விட்டார்கள். நம் ஊர்ப் பிள்ளைகளில் ஒருவனும் அந்தக் கோட்டைத் தொடவில்லை. தச்சன் மகனிடம் ஸ்டாக்டன் கெஞ்சியதைச் சத்திரத்தில் எல்லாரும் பார்த்தார்கள். “அதப் போட்டுட்டு நா வீட்டுக்குப் போனா எங்கம்மா சோறு போடமாட்டா, போய்யா!” என்று அவன் சொன்னானாம். சிவப்புக் கோட்டுக்காரர் மேல் எறியப் பச்சை ஆப்பிளைச் சேர்த்து வைத்திருந்த பொடியன்கள் வேறு. கடைசியில் கம்பெனி ஆட்கள் மூன்று பேர், இரண்டு நடிகைகள் தலைமுடியைத் தொப்பிக்குள் திணித்துக்கொண்டு. ஐந்து ஆயிற்று. ஆறாவது கோட்டு ஆணியில் தொங்கிற்று.

அதை உன் தாத்தா எடுத்தார். “ஒருத்தனும் மாட்டேங்கிறான், பையன் நாடகம் நின்னுபோயிரும். நா போட்டுக்கிறேன்” என்று ஸ்டாக்டனிடம் சொன்னதை டூனிஸ் கேட்டான். எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் அந்தக் கோட்டை அடுப்பில் வைத்திருப்பேன்.

மற்றது உனக்குத் தெரியும். ஆனாலும் எழுதுகிறேன்.

புகை. பலகையில் செய்த கோட்டைச் சுவர். முகமெல்லாம் மாவு பூசிய ஆறு பேர் வரிசையாக வந்தார்கள். ஆப்பிள் பறந்தது. அதில் ஒருவர் நடையைப் பார்த்ததும் யாரென்று தெரிந்துவிட்டது. இத்தனை வருஷமாக என் முன்னால் நடக்கிற நடை எனக்குத் தெரியாதா? நீ கத்தினாய், தம்பூர் முழங்கிற்று, சுட்டார்கள். ஐந்து பேர் பட்டென்று விழுந்து செத்தார்கள். ஒருத்தி விழுந்து தொப்பியைச் சரி செய்துகொண்டுகூடச் செத்தாள். உன் தாத்தா மட்டும் விழவில்லை. வயிற்றைப் பிடித்துக்கொண்டு முட்டி போட்டார். பிறகு பக்கவாட்டில் சாய்ந்தார். சாய்ந்தவர் சாகவில்லை. மேடையில் விரித்திருந்த பச்சைத் துணியை விரலால் பிய்க்க ஆரம்பித்தார். பிய்ப்பதும் விடுவதும், கொஞ்சம் நகர்ந்து மறுபடி பிய்ப்பதும்.

“பேன் பொறுக்குறாண்டா!” என்று பின்னாலிருந்து ஒருவன். “யோவ் கெழவா, செத்துத் தொல!” என்று இன்னொருவன். சிரிப்பு. அப்புறம் அவர் தண்ணீர் கேட்டார். நாடகக்காரர்கள் கேட்கிற மாதிரி இல்லை, சத்தம் இல்லாமல். அப்புறம் “சூக்கி” என்று கூப்பிட்டார். மறுபடி கூப்பிட்டார். சிரிப்பு ஒவ்வொரு பெஞ்சாக நின்றுகொண்டே வந்தது. எனக்கு முன்னால் இருந்த இறகுகூட ஆடவில்லை.

நீ அதற்குள் கத்தியை உயர்த்தி உன் பேச்சைத் தொடங்கியிருந்தாய். எங்கள் தந்தையர் சிந்திய ரத்தம் என்று. ஜனம் உன்னைப் பார்க்கவில்லை. கீழே பார்த்தது. அப்போது நீ உன் பூட்சுக் காலை அவர் தோளில் வைத்து அழுத்தித் தள்ளினாய். கிடடா என்கிற மாதிரி.

கூரை பிய்ந்துகொண்டு போகிற மாதிரி சிரித்தார்கள். நீ குனிந்து பார்த்தாய். பார்த்த பிறகு குரலை உயர்த்தினாய். அவர் அசையாமல் கிடந்தார், திரை விழும்வரை. கடைசிக் காட்சியில் பெஞ்சில் டூனிஸ் மட்டும் உட்கார்ந்திருந்தான். பக்கத்தில் இடம் காலி.

விருந்தில் உன் தாத்தாவுக்கு நாற்காலி இல்லை. லாட்டிமர் எல்லாரும் கேட்கிற மாதிரி, “என்ன பெரியவரே, அம்பது வருஷம் கழிச்சுக் கட்சி மாறிட்டீங்களா?” என்றான். விடுதலை நாளன்று எதிரிக்காக ஜனத்தை இரங்கவைத்துவிட்டார் என்று அவனுக்கு ஆத்திரம். அவன் பெண்டாட்டி என்னிடம் வந்து, குரலில் தேன் தடவிக்கொண்டு, “யாருங்க அந்த சூக்கி?” என்று கேட்டாள். ஊர்ப் பெண்கள் இன்றைக்கும் கிணற்றடியில் அதைத்தான் கேட்கிறார்கள். உன் தாத்தா மாவுகூடத் துடைக்காமல் வீட்டுக்கு நடந்தார். நான் இரண்டடி பின்னால் நடந்தேன்.

மறுநாள் ரொட்டி சுட்டு வைத்திருந்தேன். நீ வருவாய் என்று. வண்டி போய்விட்டது என்று பால் வாங்க வருகிற பெண் சொன்னாள்.

இவ்வளவுதான். மேல்கூரைக்குப் பலகை மாற்றவேண்டும். சிவப்புப் பசு இந்த வருஷம் சினை பிடிக்கவில்லை. ஆப்பிள் பிழிவதற்கு முன்னால் வந்துவிட்டால் உன் தாத்தாவைத் தூக்கி வெயிலில் வைக்க ஒரு கை கூட இருக்கும்.

கடவுள் உன் தொண்டையைக் காப்பாற்றட்டும். மற்றதை நீ காப்பாற்றிக்கொள்.

உன் பாட்டி,
மெகிதபெல் விப்பிள்

*

ஆஷ்கில்,
அக்டோபர், இரண்டாவது வாரம்

ரூஃபஸுக்குப் பாட்டி எழுதுவது.

உன் கடிதம் வந்தது. முத்திரை உடைந்திருந்தது. ப்ரோக்டர் படித்திருக்கிறான். இதையும் படிப்பான். படிக்கட்டும். ப்ரோக்டர், உன் தராசுத் தட்டின் அடியில் ஒட்டியிருக்கிற மெழுகு எனக்குத் தெரியும்.

உன் தாத்தாவுக்குக் கொஞ்சம் தேவலை. பேச்சு முன்னைவிடப் புரிகிறது. டூனிஸ் வாராவாரம் வந்து சவரம் செய்துவிடுகிறான். கை நடுக்கம், ஆனாலும் வேறு யாரையும் செய்ய விடமாட்டான். “டேய் எனாக், ஆடாம கிட. அன்னிக்கி மேடையில கிடந்தியே, அந்த மாதிரி கிடக்காத. கழுத்து போயிரும்” என்பான். உன் தாத்தாவும் சிரிப்பார், பாதி வாயால். இதைப் பற்றிச் சிரிக்க அந்த இரண்டு பேருக்குத்தான் உரிமை.

உன் கடிதத்தை அவருக்குச் சத்தமாகப் படித்தேன். நவம்பர் இருபத்தைந்து வரை ஸ்டாக்டன் விடமாட்டான், நியூயார்க்கிலிருந்து ஆங்கிலப் படை கிளம்பிப்போன நாளுக்கு அல்பனியில் பெரிய ஆட்டம் இருக்கிறது, அதில் கேப்டன் இல்லாமல் முடியாது என்று எழுதியிருக்கிறாய். நம் ஊரை விட்டுப் போனதும் உன் முதலாளிக்கு மறுபடி சிவப்புக் கோட்டுக்கு ஆள் கிடைத்துவிட்டது போலிருக்கிறது.

அப்புறம் புகை. புகையில் தெரியவில்லை, மாவு பூசியிருந்தது, தாத்தா திரைக்குப் பின்னால் பெஞ்சில் இருக்கிறார் என்றுதான் நினைத்தேன், கம்பெனி ஆள் குடித்துவிட்டுக் குழப்புகிறான் என்று நினைத்துத்தான் காலை வைத்தேன் என்று எழுதியிருக்கிறாய்.

படித்து முடித்ததும் அவர் கண்ணை மூடிக்கொண்டிருந்தார். தூங்கிவிட்டார் என்று பார்த்தேன். “பொக ஜாஸ்திதான், பாவம்” என்றார். கம்பளியை இழுத்துப் போர்த்திவிட்டபோது, “நாந்தான் ஸ்டாக்டன்கிட்ட, பையன்கிட்ட சொல்லாதேன்னேன். தெரிஞ்சா தடுப்பான்ல?” என்றார். நான் எழுந்திருக்கும்போது, “நா ரொம்ப நேரம் எடுத்துக்கிட்டேன் ஹிட்டி. அவனுக்குப் பேச்சு பாக்கி இருந்துச்சு” என்றார். அதோடு, நீ வெட்கப்பட்டுக்கொண்டு வராமல் இருக்கிறாயாம். வந்தால் ஒன்றும் கேட்கமாட்டாராம். அதை எழுதச் சொன்னார். எழுதிவிட்டேன்.

அவர் அப்படி. நான் உன் கடிதத்தை நாலைந்து நாள் மேல்சட்டைப் பையில் வைத்துக்கொண்டு மாடு கறந்தேன், வெண்ணெய் கடைந்தேன். தெரியாமல் செய்தான் என்றால் பாதி பாரம் இறங்கவேண்டும் அல்லவா? இறங்கவில்லை. ஏன் என்று எனக்குப் பிடிபட நாளாயிற்று. தாத்தா என்று தெரிந்திருந்தால் காலை வைத்திருக்கமாட்டேன் என்கிறாய். வேறு யாரோ என்று நினைத்ததால் வைத்தாயாம். அந்த வேறு யாரோவுக்கும் தோள் இருக்கும், ரூஃபஸ். அவனுக்கும் எங்கேயோ ஒரு மூன்றாவது பெஞ்சில் யாராவது உட்கார்ந்திருப்பார்கள்.

சிறு பிள்ளையாக இருந்தபோது என்னை ஒன்று கேட்டாய். எல்லார் வீட்டிலும் ஆம்பிளைதான் பன்றி அறுக்கிறான், நம் வீட்டில் ஏன் பாட்டி அறுக்கிறாள் என்று. சத்தம் பொறுக்காத கோழை என்று உன் தாத்தாவை ஊர்ப் பிள்ளைகள் கேலி செய்தார்கள். நீ சண்டை போட்டு மூக்கில் ரத்தத்தோடு வந்தாய். அப்போது உனக்கு ஒன்றும் சொல்லவில்லை. கல்யாணம் ஆன முதல் குளிர்காலத்தில், பன்றி அறுக்கும் நாளன்று, கத்தியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றவர் என்னிடம் சொன்னது இது. யாரிடமும் சொல்லாதே என்று அவர் சொல்லவில்லை. யாரும் கேட்கவில்லை, அவ்வளவுதான்.

அந்த மேட்டில் முதல் நாள் சண்டை ஓய்ந்த பிறகு இரண்டு பக்கமும் பின்னால் வந்துவிட்டார்கள். நடுவில் வயல். அடிபட்டவர்கள் அங்கேயே கிடந்தார்கள். இவரை ஒரு வேலி ஓரத்தில் காவலுக்கு நிறுத்தி, தாண்டிப் போனால் நம்மவனே சுடுவான் என்று உத்தரவு. வேலிக்கு அந்தப் பக்கம் இவர் வயதுப் பையன் ஒருவன், சிவப்புக் கோட்டு, வயிற்றில் குண்டு. இவர் சுட்டதா, பக்கத்தில் நின்றவன் சுட்டதா, தெரியாது. தண்ணீர் கேட்டானாம். இவர் இடுப்பில் தண்ணீர்க் குடுவை இருந்தது. நிறைய இருந்தது. எறிந்தால் சத்தம் கேட்கும் என்று எறியவில்லை. சூக்கி சூக்கி என்று கூப்பிட்டானாம். தாயோ, தங்கையோ, வீட்டு நாயோ, யாருக்குத் தெரியும்? வெளிச்சம் வந்து உத்தரவு விலகியதும் வேலி தாண்டிப் போய்ப் பார்த்தார். கை எட்டுகிற தூரத்துக்குப் புல் ஒன்றுகூட இல்லை. அவ்வளவையும் பிய்த்திருந்தான்.

அதைத்தான் அன்றைக்கு மேடையில் எல்லாரும் பார்த்து, பேன் பொறுக்குகிறான் என்றார்கள்.

உன் நாடகத்தைக் கெடுக்க அவர் அந்தக் கோட்டைப் போடவில்லை. நாடகம் நிற்கக் கூடாது என்றுதான் போட்டார், அதை நம்புகிறேன். ஆனால் போட்டுக்கொண்டு விழும்போது, பொய்யாக விழ அவருக்கு வரவில்லை.

போன வாரம் லாட்டிமர் வந்தான். பெண்டாட்டி கொடுத்தனுப்பியது என்று ஒரு ஜாடி திராட்சை ஜாம். கட்டிலருகே உட்கார்ந்து தொண்டையைக் கனைத்துக்கொண்டு, “பெரியவரே, கமிட்டி மனசு எளகிருக்கு. அன்னிக்கி நாலு கிளாஸ் ஜாஸ்தியாயிருச்சுன்னு நீங்க ஒரு வார்த்த சொல்லிட்டா, ஊரும் மறந்துரும். நாளைக்கி ஒண்ணு ஆச்சுன்னா படை மரியாதையோட, தம்பூர் அடிச்சு, மூணு சுத்து வெடிச்சு…” என்று இழுத்தான். படுத்திருக்கிற மனிதனின் சாவுக்கு அவர் முன்னாலேயே விலை பேசுகிறான். நான் அடுப்பு இடுக்கியைக் கையில் எடுத்துவிட்டேன். உன் தாத்தா கையைக் காட்டித் தடுத்தார். நிறுத்தி நிறுத்தி, “செத், வருஷா வருஷம் நாலாந்தேதி நா குடிப்பேன். நீதான் ஊத்துவ. இந்த வருஷந்தான் குடிக்கல” என்றார்.

லாட்டிமர் தொப்பியை மறந்துவிட்டுப் போய், திரும்பி வந்து எடுத்துக்கொண்டு போனான். ஜாம் நன்றாகத்தான் இருந்தது. ஜாடியைத் திருப்பித் தரமாட்டேன்.

ஆப்பிள் இந்த வருஷம் கொஞ்சம். குளிர் சீக்கிரம் வரும் என்கிறார்கள். கால்வாய் உறைந்துவிட்டால் சாலை வழிதான், அதில் ஒரு வாரம் போய்விடும். ஸ்டாக்டனிடம் என் பெயரைச் சொல்லிக் கேள். என் ஆப்பிள் பை தின்றவர்களில் அவனும் ஒருவன்.

புகையைப் பற்றி எழுதினாய். குனிந்து பார்த்த பிறகு என்ன என்று எழுதவில்லை. அதை நான் கவனிக்கவில்லை என்று நினைக்காதே.

உன் காலுக்குச் சூடான தரையும் உன் தலைக்கு நல்ல கூரையும் கடவுள் தரட்டும்.

பாட்டி

*

ஆஷ்கில்,
நவம்பர் முடியப்போகிறது

ரூஃபஸ்,

கறுப்பு மெழுகு முத்திரையைப் பார்த்ததுமே உனக்குத் தெரிந்திருக்கும். உன் தாத்தா போய்விட்டார். உங்கள் அல்பனி ஆட்டத்துக்கு இரண்டு நாள் முன்னால். காற்று மாதிரி ஓடுகிற குதிரை எதுவும் நம்மிடம் இல்லை. இருந்தாலும் நீ வந்திருக்க முடியாது, வழியெல்லாம் பனி.

வைத்தியர் சொன்ன இரண்டாவது தடவை ஒரு திங்கட்கிழமை வந்தது. பேச்சு போய்விட்டது. கண் மட்டும் திறந்திருந்தது. வியாழக்கிழமை வரை இருந்தார். கஷ்டப்பட்டாரா என்றால், பட்டார். பொய் எழுத எனக்கு வராது. வலது கை கம்பளியைப் பிய்த்துக்கொண்டே இருந்தது. நான் கையைப் பிடிக்கவில்லை. பிய்க்கட்டும் என்று விட்டேன். உதட்டை ஈரத் துணியால் நனைத்துக்கொண்டே இருந்தேன், ஒரு நிமிஷம் காயவிடவில்லை. டூனிஸ் மற்றப் பக்கம் உட்கார்ந்திருந்தான். போதகர் வந்து ஜெபத்தைச் சீக்கிரம் முடிக்கட்டுமா என்று கேட்டார், வேறு வீட்டில் ஒரு கல்யாணம் இருந்ததாம். நீங்கள் போய்க் கல்யாணத்தை முடியுங்கள், இங்கே அவசரம் இல்லை என்றேன்.

அவர் தேவையான நேரத்தை எடுத்துக்கொண்டார், ரூஃபஸ். யாரும் அவசரப்படுத்தவில்லை. இதை உனக்கு எழுதவேண்டும் என்று அப்போதே நினைத்தேன்.

ஊர்ப்படை வரவில்லை. லாட்டிமருக்கு அன்று மூட்டு வலி. டூனிஸ் தன்னுடைய பழைய தம்பூரை மாட்டிக்கொண்டு தனியாக முன்னால் நடந்தான். தோல் ஒரு பக்கம் கிழிந்து சத்தம் தப்பட்டை மாதிரி வந்தது. எழுபது வயதுக் கிழவன், பனியில் இரண்டு தடவை வழுக்கினான், அடி தவறவில்லை. தச்சன் மகன், அதுதான் கோட்டைத் தொடமாட்டேன் என்றானே, அவன் பெட்டி செய்துகொடுத்துவிட்டுத் தோளும் கொடுத்தான். யாரும் கூப்பிடவில்லை. குழி வெட்டத் தரை இரும்பாக இருந்தது. நெருப்பு மூட்டி இளக்கினார்கள்.

அடக்கம் முடிந்து வந்த மறுநாள் உன் கடிதம் வந்தது. முந்தின தபாலில் போட்டது. அவர் படிக்கக் கேட்காத ஒரே கடிதம் அதுதான். சிராகியூஸில் ஆட்டத்தன்று விழுந்தவர்களைப் பார்த்து உனக்கு வசனம் மறந்துவிட்டது, வெறுமனே நின்றாய், ஜனம் ஊளையிட்டது, ஸ்டாக்டன் சம்பளத்தைப் பிடித்துவிட்டான் என்று எழுதியிருக்கிறாய். கல்லறைக்குப் போய்ச் சத்தமாகப் படித்தேன். குளிரில் அந்தப் பாதைக்குப் போன கிறுக்கச்சி நான் ஒருத்திதான்.

பன்றி அறுக்கும் நாள் தள்ளிக்கொண்டே போகிறது. என் மணிக்கட்டில் இந்த வருஷம் பலம் இல்லை. பக்கத்து ஆளைக் கூப்பிடலாம். கூப்பிடவில்லை. மேல்கூரைப் பலகை அப்படியே இருக்கிறது. அடுப்புப் பக்கத்துக் கட்டிலைப் பிரித்துவிட்டேன், இடம் அடைத்துக்கொண்டிருந்தது. மறுநாளே மறுபடி பூட்டிவிட்டேன். ஏன் என்று கேட்காதே.

வந்தால் ஒன்றும் கேட்கமாட்டேன் என்று உன் தாத்தா சொன்னார். அவர் சொன்ன சொல்லைக் காப்பாற்றிவிட்டார். நான் அப்படி எதுவும் சொல்லவில்லை. குனிந்து பார்த்தாய் அல்லவா, முகத்தைப் பார்த்தாய் அல்லவா, அதற்குப் பிறகு எப்படி உனக்குக் குரல் உயர்ந்தது என்று கேட்பேன். வாசலில் பனியைத் தட்டும்போதே கேட்பேன். உனக்குப் பதில் தெரியாது என்றால் தெரியாது என்று சொல். பொய் சொன்னால் கண்டுபிடித்துவிடுவேன்.

கேட்டு முடித்ததும் சாப்பாடு போடுவேன்.

நீ எந்த ஊரில், எந்தப் பெயரில் இருந்தாலும் கடவுள் உன்னை விப்பிள் என்றே கூப்பிடட்டும். நான் இருக்கும்போதே வா.

உன் பாட்டி